ஒஸ்வால்டோ புலியேசேயும் அவர் கூட்டாளிகளும்



ஆர்ஜென்ரீனா என்ற பெயரைக் கேட்டவுடன் நம்மவர் பலருக்கு முதலில் நினைவுக்கு வருவது உதைபந்தாட்டம். அடுத்து வருவது டாங்கோ. டாங்கோ என்றதும் ஆணும் பெண்ணும் அணைந்து நின்று ஆடும் ஓர் ஆடல் என்றே பெரும்பாலார் எண்ணுவர். அது பிழையன்று; ஆயினும் முழு உண்மையும் அன்று. ஆடுவோர்க்குப் பின்னால் வாத்தியம் இசைப்போர் இருக்கின்றனர். அவர்கள் வளர்த்தெடுத்த இசை, ஆடலின் துணையின்றியும் தனித்து நின்று கேட்கத்தக்க பெருமை உடையது. அவ்விசைஞருள் ஒருவரைப் பற்றியே இப்பேச்சில் சொல்ல விரும்புகின்றேன். அவர் பெயர் ஒஸ்வால்டோ புலியேசே. 1905 ஆம் ஆண்டு பிறந்து, 1995 ஆம் ஆண்டு மறைந்தவர். அரை நூற்றாண்டுக்கு மேலாக ஒரு வாத்தியக்குழுவை நடத்தியவர்.

டாங்கோ உலகில் பெரும் புகழ் பெற்றோர் பலர் உளர். அவர்களுள் இவரைத் தேர்ந்துகொண்டமைக்குக் காரணம் இவருடைய இசைத்திறன் மட்டுமன்று. பலர் ஒன்றுகூடி ஒரு தொழிலைச் செய்யுமிடத்துத் தலைமையும் சமத்துவமும் ஒருங்கே நிற்க இயலுமா என்னும் கேள்வி மிகப் பழையது. அக்கேள்விக்கு நூல் எழுதி விடை கண்டோர் பலர். புலியேசேயோ பியானோவின் முன் அமர்ந்து விடை தேடினார்.

அவர் கதையை விளங்கிக்கொள்வதற்கு டாங்கோ பிறந்த ஊரைச் சிறிது அறிதல் வேண்டும். தென் அமெரிக்காவின் தென்கிழக்கே, பிளாத்தா என்னும் பெரிய ஆற்றின் முகத்துவாரத்தில் இரண்டு துறைமுகப் பட்டினங்கள் உள்ளன. ஒன்று ஆர்ஜென்ரீனாவின் தலைநகரான புவெனஸ் அயர்ஸ். மற்றையது உருகுவே நாட்டின் தலைநகரான மொன்ரவிடியோ. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இவ்விரு பட்டினங்களின் எளிய மக்கள் வாழ்ந்த பகுதிகளிலேதான் டாங்கோ உருவாயிற்று. அடிமைகளாய்க் கொண்டுவரப்பட்ட ஆபிரிக்கரின் வழித்தோன்றல்கள், நாட்டுப்புறத்திலிருந்து வேலை தேடி வந்தோர், இத்தாலியிலிருந்தும் ஸ்பானியாவிலிருந்தும் கப்பலேறி வந்தோர் ஆகிய பலரும் அங்கே கலந்து வாழ்ந்தனர். 1914 ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பின்படி புவெனஸ் அயர்ஸ் நகரத்தவருள் ஏறத்தாழப் பாதிப்பேர் வெளிநாடுகளிற் பிறந்தவர்கள். பிறந்த மண்ணைப் பிரிந்தோரின் ஏக்கமும், புதிய நகரத்தின் துடிப்பும் ஒருங்கு சேர்ந்த இசை டாங்கோ.

அவ்விசைக்கு உயிர்க்குரலாய் அமைந்த வாத்தியம் பண்டோனியன் என்பது. முழந்தாளின்மேல் வைத்து, இரு கைகளாலும் விரித்தும் சுருக்கியும் வாசிக்கும் துருத்திப் பெட்டி அது. ஆர்மோனியத்தைப் போலவே காற்றினால் உலோக நாக்குகள் அதிர்ந்து ஒலி எழுப்புவது. ஆனால் கட்டைகளுக்குப் பதிலாகப் பொத்தான்கள் உடையது. பெரும்பாலான பொத்தான்கள் துருத்தியை விரிக்கும்போது ஒரு சுரத்தையும், சுருக்கும்போது வேறொரு சுரத்தையும் தரும். ஆதலின் கற்பதற்கு மிகக் கடினமானது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் ஜெர்மனியில் தோன்றிய இவ்வாத்தியம், கடல் கடந்து சென்று ஆர்ஜென்ரீனாவிலே தன் உண்மையான வீட்டைக் கண்டது.

புலியேசே 1905 டிசம்பர் 2 ஆம் நாள் புவெனஸ் அயர்ஸ் நகரின் வில்லா கிரெஸ்போ என்னும் பகுதியிற் பிறந்தார். தொழிலாளரும் குடிவரவாளரும் நெருங்கி வாழ்ந்த பகுதி அது. தந்தையார் அடொல்போ சப்பாத்துத் தொழில் செய்தவர். ஓய்வு நேரங்களிற் புல்லாங்குழல் வாசித்தவர். தமையன்மார் இருவர் வயலின் வாசித்தனர். சிறுவன் ஒஸ்வால்டோவும் முதலில் வயலினையே கையிலெடுத்தான். பின்னர் பியானோவுக்கு மாறினான். பதினைந்து வயதளவில் அயலிலுள்ள கோப்பிக்கடையில் வாசித்துப் பணம் ஈட்டத் தொடங்கிவிட்டான். பேசாப்படங்கள் ஓடிய காலம் அது. திரையில் ஓடும் காட்சிக்கு ஏற்ப ஒருவர் கீழே அமர்ந்து பியானோ வாசிப்பது வழக்கம். இளைஞர் புலியேசே அவ்வேலையையும் செய்தார்.

1921 ஆம் ஆண்டில் பக்கீத்தா பெர்னார்டோ என்னும் இளம்பெண்ணின் குழுவில் அவர் பியானோ வாசித்தார். பண்டோனியனைத் தொழில்முறையிற் கையாண்ட முதற் பெண்மணி அவரே எனப் போற்றப்படுபவர். பெண் ஒருத்தி கால்களை அகற்றி அமர்ந்து, பெரிய பெட்டியொன்றை மடிமேல் வைத்து, ஆடவர் நிறைந்த கோப்பிக்கடையில் வாசிப்பதென்பது அக்காலத்திற் பெரும் புதுமை. அப்பெண்மணி 1925 இல், இருபத்தைந்தாவது வயதை எட்டுமுன்னரே இறந்துபோனார். தம் தொழில் வாழ்வின் தொடக்கத்திலேயே, வழக்கத்தை மீறித் துணிந்து நின்ற ஒருவரின் தலைமையின் கீழ்ப் புலியேசே வாசிக்க நேர்ந்தமை குறிப்பிடத்தக்கது.

இருபது வயது நிரம்புமுன் அவர் 'நினைவு' எனப் பொருள்படும் ரெக்குவெர்டோ என்ற டாங்கோவை இயற்றினார். உரிய வயது வராமையால் அது தந்தையார் பெயரிலேயே பதிவு செய்யப்பட்டது. அக்காலத்தில் டாங்கோ இசையைச் சீர்திருத்தி உயர்த்திக்கொண்டிருந்தவர் ஹூலியோ டி காரோ என்னும் வயலின் மேதை. நடனத்துக்குத் தாளம் கொடுத்தால் போதும் என்றிருந்த டாங்கோவிற்கு, வாத்தியங்கள் ஒன்றோடொன்று உரையாடும் அழகை அவர் சேர்த்தார். அத்தகைய டி காரோ 1926 இல் ரெக்குவெர்டோவைத் தம் குழுவுடன் இசைத்தட்டிற் பதிவு செய்தார். டாங்கோ உலகம் இன்றும் மறவாத உருப்படிகளுள் அஃது ஒன்று. டி காரோ வகுத்த வழியே புலியேசேயின் வாழ்நாள் வழியுமாயிற்று.

1929 ஆம் ஆண்டில், எல்வினோ வார்டாரோ என்னும் சிறந்த வயலின்காரருடன் சேர்ந்து அறுவர் குழு ஒன்றை அவர் அமைத்தார். இசை வல்லார் மெச்சிய குழு அது. எனினும் ஓர் இசைத்தட்டுக்கூட அதற்கு வாய்க்கவில்லை. வெளியூர்ப் பயணம் பொருளளவில் நட்டத்தில் முடிந்தது. காலமும் கெட்டிருந்தது. உலகப் பொருளாதார மந்தம் ஆர்ஜென்ரீனாவையும் தாக்கிற்று. 1930 இல் இராணுவத்தினர் ஆட்சியைக் கைப்பற்றினர். பேசும்படம் வந்து, படமாளிகைகளில் வாசித்து வாழ்ந்த இசைஞர் பலரின் பிழைப்பை நீக்கிவிட்டது. அன்று வாத்தியக்காரர் நிலை இரங்கத்தக்கது. குழுவின் தலைவர் பேரம் பேசிப் பணம் பெறுவார். தாம் விரும்பியதைப் பிறர்க்குக் கொடுப்பார். நோயுற்றவனுக்கு உதவியில்லை. முதியவனுக்குப் போக்கிடமில்லை. முப்பதுகளில் இசைக்கலைஞர்க்குத் தொழிற்சங்கம் அமைக்க உழைத்தோருள் புலியேசேயும் ஒருவர். 1936 இல் அவர் பொதுவுடைமைக் கட்சியிற் சேர்ந்தார். இறுதிவரை அதைவிட்டு நீங்கவில்லை.

இனி, அவர் வாழ்க்கையின் நடுநாயகமான செய்திக்கு வருவோம். 1939 ஆகஸ்ட் 11 ஆம் நாள், கொரியென்ரஸ் வீதியிலிருந்த நசியொனால் என்ற கோப்பிச்சாலையில் புலியேசேயின் குழு அரங்கேறியது. முன்னர் செய்த ஒன்றிரண்டு முயற்சிகள் நிலைக்கவில்லை, இது நிலைத்தது. ஏனைய குழுக்களினின்றும் இதனை வேறுபடுத்தியது அதன் கூட்டுறவு அமைப்பு. கிடைத்த வருவாய் தலைவரின் சட்டைப் பைக்குச் செல்லவில்லை. வாசித்தல், இயற்றுதல், இயற்றியதைப் பல வாத்தியங்களுக்குமாக வகுத்து எழுதுதல் முதலிய பணிகளைக் கருதி ஒவ்வொருவர்க்கும் புள்ளிகள் வழங்கப்பட்டன. புள்ளிக்கேற்பப் பங்கு பிரிக்கப்பட்டது. தலைவரும் ஒரு பங்காளர், அவ்வளவே. எல்லாரும் ஒரே அளவு பெற்றனர் என்பதன்று இதன் பொருள். எவ்வளவு வந்தது, எவ்வாறு பிரிந்தது என்பது எல்லார்க்கும் தெரிந்திருந்தது என்பதே இதன் பொருள். வந்த காலத்தில் இலாபம் பொது. வராத காலத்தில் நட்டமும் பொது.

இவ்வமைப்பு கணக்குப் புத்தகத்தோடு நின்றுவிடவில்லை, இசைக்குள்ளும் புகுந்தது. அதனைச் சற்று விளக்க வேண்டும். டாங்கோக் குழுவில் நான்கைந்து பண்டோனியன்களும், ஏறக்குறைய அத்தனை வயலின்களும், ஒரு பியானோவும், டபிள் பேஸ் என்னும் ஆளுயர நரம்பு வாத்தியம் ஒன்றும் இருக்கும். மத்தளமோ முரசோ இராது. தாளத்தையும் இவ்வாத்தியங்களே தர வேண்டும். கோலை வீசி நடத்துவோர் எவருமில்லை. புலியேசேயின் குழுவோ வேகத்தை ஒரே சீராய் வைத்துக்கொள்வதில்லை. ஓரிடத்தில் இசை மெல்லத் தளரும். ஓரிடத்தில் மூச்சடக்கி நிற்கும். மறுகணம் புயல்போல் எழும். பத்துப் பன்னிரண்டு பேர் ஒரே மூச்சாய்த் தளர்ந்து ஒரே மூச்சாய் எழுவதென்றால், ஒருவன் கட்டளையிட மற்றவர் பின்பற்றுவதால் அது நிகழாது. ஒவ்வொருவனும் மற்றவனைக் கேட்டுக்கொண்டே வாசித்தால்தான் நிகழும்.

1946 ஆம் ஆண்டு இசைத்தட்டாய் வெளிவந்த லா யூம்பா என்ற உருப்படியை இதற்குச் சான்றாகக் கூறலாம். புலியேசே இயற்றியவற்றுள் மிகப் புகழ் பெற்றது அதுவே. யூம்பா என்பது அகராதியிலுள்ள சொல்லன்று. நம் மிருதங்க வித்துவான்கள் தகதிமி எனச் சொற்கட்டால் தாளத்தைக் காட்டுவதுபோல, குழுவினர் எழுப்பும் ஒலியையே சொல்லாக்கிய பெயர் அது. நான்கு அடிகளில் முதலடியிலும் மூன்றாமடியிலும் பண்டோனியன்களும் நரம்பு வாத்தியங்களும் ஒருமித்து அழுத்தி இழுப்பது 'யூம்'. இடையிலுள்ள அடிகளில் பியானோவின் அடித்தள ஒலி மங்கலாய் விழுவது 'பா'. தலைவர் வாசித்தது அந்த மங்கலான 'பா'வை. பெரிய ஒலி கூட்டத்தாருடையது. அதனைத் தாங்கிய சிறிய ஒலி அவருடையது. கேட்டுப் பார்ப்போர் இதனை எளிதிற் காண்பர்.

குழுவினர் வெறும் வாசிப்போராய் இருந்துவிடவில்லை. ஒஸ்வால்டோ ருகியேரோ என்பார் 1939 இல் பதினேழு வயது இளைஞராய்ச் சேர்ந்து, ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் பண்டோனியன் வாசித்தார். அவரும், ஹோர்கே கல்டாரா, எமிலியோ பல்கார்சே, ஹூலியான் பிளாசா முதலியோரும் தாமே டாங்கோக்களை இயற்றினர். பிறர் இயற்றியவற்றைக் குழுவுக்கென வகுத்தெழுதினர். புலியேசேயின் பெயரால் வழங்கும் இசை அவ்வாறு பலர் கை பட்டு வளர்ந்த இசை.

இவ்வமைப்பின் உறுதியைச் சோதிக்கும் காலம் விரைவில் வந்தது. 1946 முதல் 1955 வரை ஆர்ஜென்ரீனாவை ஆண்டவர் ஜெனரல் ஹுவான் பெரோன். தொழிலாளரின் ஆதரவைப் பெரிதும் பெற்றிருந்தவர் அவர். எனினும் பொதுவுடைமைக் கட்சியாரை அவர் அரசு சந்தேகக் கண்கொண்டே நோக்கியது. புலியேசேயின் கச்சேரிகள் அடிக்கடி தடுக்கப்பட்டன. அவர் இசை வானொலியிலும் தடையுண்டது. அவரே பலமுறை பொலிசாராற் பிடிக்கப்பட்டார். 1955 இல் பல மாதங்கள் வில்லா டெவோட்டோச் சிறையில் இருந்தார். பெரோனின் ஆட்சி அவ்வாண்டிற் கவிழ்ந்தது. ஆயினும் புலியேசேக்கு விடிவு பிறக்கவில்லை. பெரோனைக் கவிழ்த்த இராணுவ அரசும் 1957 இல் அவரைக் கைதுசெய்து, கப்பலொன்றிற் சிறைவைத்தது. ஒருவர்க்கொருவர் பகைவராயிருந்த இரண்டு ஆட்சியினர் இந்தப் பியானோக்காரர் விடயத்தில் மட்டும் ஒத்துப்போயினர்.

தலைவர் சிறையிலிருக்கக் குழு என்ன செய்தது? பிறர் நடத்திய குழுவாயின் கலைந்திருக்கும். அல்லது வேறொருவர் பெயரை மாட்டிக்கொண்டிருக்கும். இக்குழு கலையவில்லை. சில வேளைகளில் வேறொருவர் பியானோ வாசித்தார். சில வேளைகளில் பியானோவை மூடி, அதன்மேற் சிவப்புக் கார்னேசன் மலர் ஒன்றை வைத்து, ஏனையோர் வாசித்தனர். வந்திருந்தோர்க்கு அம்மலரின் பொருளை எவரும் விளக்கவேண்டியிருக்கவில்லை. மேடையில் எவரும் அரசியல் பேசவில்லை. பேசியிருந்தால் அவர்களும் சிறை செல்ல நேர்ந்திருக்கும். தாங்கள் வாசிக்கவேண்டிய சுரங்களை வாசித்தார்கள். அன்றைய வருவாயிற் புலியேசே ஒரு பங்காளராகவே இருந்தார்.

இங்கே ஒரு செய்தியைத் தெளிவாய்க் கூறவேண்டும். புலியேசேயின் அரசியற் கொள்கையை ஏற்போரும் உளர், மறுப்போரும் உளர். அவர் நம்பிய கட்சி உலகின் பல நாடுகளில் ஆட்சி செய்தவிடத்து, கலைஞர்க்குச் சிறை தந்ததும் வரலாறே. அதனை மறைத்தல் நேர்மையன்று. ஆயினும் ஒருவன் தன் கொள்கையைப் பிறர்க்கு உபதேசிப்பதற்கும், தன் சொந்தத் தொழிலில், தன் சொந்த வருவாயில், அதனை நடத்திக் காட்டுவதற்கும் வேற்றுமை பெரிது. புலியேசேயின் குழுவிலிருந்த எல்லாரும் அவர் கட்சியைச் சேர்ந்தவரல்லர். அவர்களைப் பிணைத்தது கட்சியன்று. கணக்கு நேர்மையும் இசையும்.

ஐம்பதுகளின் இறுதியில் டாங்கோவிற்கே இறங்குமுகம் தொடங்கிற்று. இளைஞர் உள்ளத்தை ரொக் அன்ட் ரோல் கவர்ந்தது. பெரிய நடன மண்டபங்கள் வெறுமையாயின. பன்னிருவர்க்குச் சம்பளம் கொடுக்க இயலாத தலைவர்கள் தம் குழுக்களைக் கலைத்து, மூவர் நால்வராய்ச் சுருங்கினர். புலியேசேயின் குழு தொடர்ந்து நின்றது. மாதச் சம்பளம் என்ற சுமை தலைவர் ஒருவரின் தோளில் இல்லாமையும் அதற்கொரு காரணம் எனலாம். 1959 இல் அக்குழு சோவியத் நாட்டுக்கும் சீனாவுக்கும் சென்றது. 1965 இல் யப்பானுக்குச் சென்று அங்கே பெரும் வரவேற்புப் பெற்றது.

எனினும் கூட்டுறவு என்பது என்றும் பிரியாமைக்கு உறுதிப்பத்திரம் அன்று. 1968 இல் ருகியேரோ, பல்கார்சே, பிளாசா உட்படக் குழுவின் தூண்களாயிருந்த அறுவர், பாடகர் ஹோர்கே மாசியேலுடன் பிரிந்து சென்று, செக்ஸ்தேத்தோ டாங்கோ என்ற தனிக் குழுவை அமைத்தனர். அறுபத்திரண்டு வயதில், தம்மோடு வளர்ந்தோரைப் பிரிந்து நின்றார் புலியேசே. பங்காளராய் நடத்தப்பட்டோர், தம் பங்கைத் தனியே நடத்தவும் வலிமை பெற்றுவிட்டனர். இஃது அவ்வமைப்பின் தோல்வியா, வெற்றியா என்பது சிந்திக்கத்தக்கது. நல்ல ஆசிரியனிடம் பயின்ற மாணவன் ஒருநாள் வகுப்பை விட்டுச் செல்லத்தானே வேண்டும்! புலியேசே சோர்ந்து அமரவில்லை. ரொடொல்போ மெடெரோஸ், டானியேல் பினெல்லி, ஹுவான் ஹோசே மொசலீனி முதலிய இளைஞரைச் சேர்த்துப் புதிய குழுவைக் கட்டினார். அவர்களும் பின்னாளில் உலகறிந்த பண்டோனியன் கலைஞராயினர்.

புவெனஸ் அயர்ஸ் நகரில் கொலோன் என்னும் இசைமாளிகை உள்ளது. 1908 இல் திறக்கப்பட்டது. மேனாட்டுச் செவ்விசைக்கும் இசைநாடகத்துக்கும் உலகப்புகழ் பெற்ற அரங்கு. கோப்பிக்கடையில் வாசிப்போர் எளிதில் நுழையும் இடமன்று அது. ஆயினும் இளமைக்காலத்தில் புலியேசே வாசித்த இடங்களிலெல்லாம் அவருடைய அடியார் கூட்டம் "கொலோனுக்கு! கொலோனுக்கு!" என்று கூவி ஆரவாரிப்பது வழக்கம். பல்லாண்டு வேடிக்கையாய்க் கூவிய கூச்சல் அது. நாட்டில் இராணுவ ஆட்சி நீங்கி மக்களாட்சி மீண்டபின், 1985 டிசம்பர் 26 ஆம் நாள், எண்பது வயது நிரம்பிய புலியேசே தம் குழுவோடு அக்கொலோன் மேடையில் அமர்ந்து வாசித்தார். சப்பாத்துத் தொழிலாளியின் மைந்தர் வந்திருந்தார். அவரைக் கேட்க வில்லா கிரெஸ்போவும் வந்திருந்தது.

1989 ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில், ஒல்லாந்து நாட்டின் அம்ஸ்ரர்டாம் நகரில், டாங்கோவைப் புதிய வழியில் திருப்பிய அஸ்தோர் பியாசொல்லாவுடன் ஒரே மேடையில் அவர் வாசித்தார். நடனத்தைத் துறந்து செவிக்கெனவே டாங்கோவை அமைத்தவர் பியாசொல்லா. ஆடுவோரையும் கேட்போரையும் ஒருசேரத் திருப்திப்படுத்தியவர் புலியேசே. வழி வேறாயினும் இருவரும் ஒருவரையொருவர் மதித்தனர். 1995 ஜூலை 25 ஆம் நாள், எண்பத்தொன்பதாம் வயதில் புலியேசே காலமானார். அவர் பிறந்த பகுதியிலுள்ள நிலக்கீழ்ப் புகையிரத நிலையம் ஒன்று இன்று அவர் பெயரையும் தாங்கி நிற்கின்றது.

அவர் பெயரைப் பற்றி வேடிக்கையானதொரு வழக்கமும் ஆர்ஜென்ரீனாவில் உண்டு. மேடை ஏறுமுன், தடங்கல் நேராதிருக்கும் பொருட்டு இசைஞரும் நடிகரும் "புலியேசே, புலியேசே, புலியேசே" என மும்முறை சொல்லுவர். புனிதர் படம்போல அவர் படத்தை அச்சிட்டு வைத்துக்கொள்வோரும் உளர். கடவுட் கொள்கையை ஏலாத கட்சியில் வாழ்நாளெல்லாம் இருந்தவர், இறந்தபின் கலைஞரைக் காக்கும் புனிதராகிவிட்டார். அவர் இருந்திருந்தால் மெல்லச் சிரித்திருப்பார் என்றே எண்ணுகின்றேன்.

நிறைவாக ஒன்று. 2000 ஆம் ஆண்டில் புவெனஸ் அயர்ஸ் நகரில் டாங்கோவிற்கெனப் பாடசாலை வாத்தியக்குழு ஒன்று தொடங்கப்பெற்றது. பழைய பெருங்குழுக்களின் வாசிப்பு முறை, ஏட்டில் எழுதப்படாத நுட்பங்கள் நிறைந்தது. அவற்றை அறிந்த முதியோர் மறையுமுன் இளைஞர்க்குக் கையளித்தல் வேண்டும் என்பதே அதன் நோக்கம். அதனை நடத்த அழைக்கப்பட்டவர் எமிலியோ பல்கார்சே. 1968 இல் புலியேசேயை விட்டுப் பிரிந்த அறுவருள் ஒருவர் அவர்! எண்பது வயதைக் கடந்த அம்முதியவர், தாம் புலியேசேயோடு இருந்து கற்றதை, எங்கே தளர்வது, எங்கே நிற்பது, எங்கே எழுவது என்பதையெல்லாம், பேரப்பிள்ளைகள் வயதினர்க்குச் சொல்லிக்கொடுத்தார். பிரிந்து சென்ற பங்காளர் தம் பங்கை வீட்டோடு வைத்துக்கொள்ளவில்லை.

இத்தகைய குழுவின் இசைத்தட்டு உங்கள் செவிக்கு எட்டுமாயின், லா யூம்பாவை ஒருமுறை கேளுங்கள். 'யூம்' என்னும் பேரொலியைக் கேட்டபின், அதற்கும் அடுத்ததற்கும் இடையே மங்கலாய் விழும் அந்தப் பியானோ ஒலியையும் செவிமடுத்துக் கேளுங்கள். அங்கேதான் புலியேசே அமர்ந்திருக்கிறார்.